குழுவை விட்டு நடிக்கப் போய்விட்டாள்... துரோகிதானே அக்கா?

கேள்வி: அக்கா, எனக்கு 19 வயசு, காலேஜ் செகண்ட் இயர். ஒன்பதாவது படிக்கும்போதிலிருந்து ஒரு கொரியப் பெண்கள் குழு என்றால் எனக்கு உயிர். பெயரைச் சொன்னால் சண்டை வரும், வேண்டாம். அதில் எனக்கு ரொம்பப் பிடித்தவள் போன மாசம் கம்பெனியை மாற்றிக்கொண்டு, இனிமேல் நடிப்புதான் என்று சொல்லிவிட்டாள். ரெண்டு நாள் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. கோபத்தில் அவள் போட்டோவுக்குக் கீழே 'துரோகி' என்று கமெண்ட் போட்டுவிட்டேன், அதற்கு ஏகப்பட்ட லைக். இப்போது எனக்கே அசிங்கமாக இருக்கிறது. அவள் செய்தது தப்புதானே? அவளுக்கு நடிப்பு வருமா? அம்மாவிடம் சொன்னால் சிரிக்கிறார்.
- பெயர் வேண்டாம், திருச்சி.

பதில்: அம்மா சிரித்தால் சிரிக்கட்டும். அவர் காலத்தில் பிடித்த நடிகருக்குக் கல்யாணம் என்ற செய்தி வந்த அன்று எத்தனை பேர் அழுதார்கள் என்று மெதுவாகக் கேட்டுப் பார், பேச்சு மாறிவிடும்.

சரி, துரோகம் விஷயத்துக்கு வருவோம். நீ ஒன்பதாவதில் அவர்களைப் பிடித்தாய் என்கிறாய், இப்போது உனக்கு 19. கணக்குப் போட்டுப் பார், ஐந்து வருடம் ஆகிவிட்டது, நீ பிடிப்பதற்கு முன்பே அவர்கள் ஆரம்பித்திருப்பார்கள். கொரியாவில் இந்தக் குழுக்களின் ஒப்பந்தம் பெரும்பாலும் ஏழு வருடம். 2009-ல் டி.வி.எக்ஸ்.க்யூ என்ற குழுவின் மூன்று பேர், 13 வருட ஒப்பந்தமெல்லாம் அநியாயம் என்று தங்கள் கம்பெனி மீது வழக்குப் போட்டார்கள். அதே வருடம் அங்குள்ள நியாய வர்த்தக ஆணையம் ஒரு மாதிரி ஒப்பந்தத்தை வெளியிட்டு, ஏழு வருடம் என்று வரம்பு வைத்தது. அந்த ஏழாவது வருடத்தை ரசிகர்கள் ஏதோ சாபம் மாதிரி பேசுகிறார்கள். அந்தப் பெண்களுக்கோ, பதினைந்து பதினாறு வயதில் வீட்டாரோடு உட்கார்ந்து போட்ட கையெழுத்து அப்போதுதான் காலாவதி ஆகிறது, பெரியவளான பிறகு தன் வாழ்க்கையைப் பற்றித் தானே முடிவெடுக்கக் கிடைக்கிற முதல் சந்தர்ப்பம் அதுதான். அதைப் போய் துரோகம் என்றால் எப்படி?

ஆனால் உன் பயத்தில் நியாயமே இல்லை என்று சொல்லமாட்டேன். பே சுஸியை எடுத்துக்கொள், ஸ்டார்ட்-அப் தொடரில் நீயும் பார்த்திருப்பாய். குவாங்ஜு ஊர்ப் பெண். 2009-ல் ஒரு டிவி பாட்டுப் போட்டிக்குப் போய்த் தேறாமல், அங்கேயே ஜே.ஒய்.பி. கம்பெனி ஆள் கண்ணில் பட்டு, மறு வருடமே மிஸ் ஏ என்ற நால்வர் குழுவில் மேடை ஏறினார். அப்போது வயது 15. முதல் பாட்டே பெரிய ஹிட். ஆறே மாதத்தில், 2011 ஜனவரியில், ட்ரீம் ஹை என்ற டிவி தொடரில் கதாநாயகி. அந்தத் தொடரைத் தயாரித்ததில் அவர் கம்பெனிக்கும் பங்கு உண்டு, முதலாளியே அதில் வாத்தியாராக வேறு வந்து போவார்! நடிப்பு எப்படி என்கிறாயா? சுமார்தான், சுமாருக்கும் கொஞ்சம் கீழே. திட்டு வாங்கினார். மோசமாக நடித்தால் 'காலால் நடிப்பது' என்று சொல்ல கொரிய மொழியில் தனியாக ஒரு வார்த்தையே இருக்கிறது, பாட்டுக் குழுவிலிருந்து வருகிறவர்கள் எல்லோரும் ஒரு தடவையாவது அதைக் கேட்டிருப்பார்கள்.

அடுத்த வருடம் ஆர்கிடெக்சர் 101 படம். தொண்ணூறுகளின் ஒரு கல்லூரிப் பெண், மொட்டை மாடியில் ஒரு பையனும் அவளும் ஆளுக்கு ஒரு இயர்போனைக் காதில் வைத்துக்கொண்டு சிடி பிளேயரில் பாட்டுக் கேட்பார்கள், அவ்வளவுதான் காட்சி. 40 லட்சம் பேருக்கு மேல் தியேட்டரில் பார்த்தார்கள். சுஸிக்கு 'தேசத்தின் முதல் காதலி' என்று பட்டம் கட்டிவிட்டார்கள், புதுமுக நடிகைக்கான, கொரியாவின் பேக்சாங் விருதும் வந்தது. அப்புறம் விளம்பரம் விளம்பரமாகக் குவிந்தது, எல்லாம் அந்த ஒருத்தருக்கே. மிஸ் ஏ கடைசியாக ஆல்பம் போட்டது 2015-ல், குழு கலைந்துவிட்டது என்று அறிவித்தது 2017 டிசம்பரில். ஆகவே ஒருத்தி மேலே போனால் குழு என்ன ஆகும் என்று நீ கவலைப்படுவதற்குக் காரணம் இருக்கிறது, இந்தக் கதையில் அப்படித்தான் ஆனது. ஆனாலும் பழியை சுஸி தலையில் போட எனக்கு மனம் வரவில்லை. எந்த விளம்பரம், எந்தத் தொடர் என்பதெல்லாம் டீன் ஏஜ் பெண் மட்டும் உட்கார்ந்து முடிவு பண்ணுகிற விஷயமா?

எல்லாக் குழுவும் அப்படிக் கலைந்துவிடுவதும் இல்லை. கேர்ள்ஸ் ஜெனரேஷனில் சூயொங், சொஹ்யுன், டிஃபனி மூன்று பேரும் 2017-ல் கம்பெனியை விட்டுப் போனார்கள், அதில் முதல் இரண்டு பேரும் நடிப்பில் இறங்கினார்கள். அன்றைக்கும் உன்னை மாதிரி எத்தனையோ பேர் அழுதிருப்பார்கள். 2022 ஆகஸ்டில் பதினைந்தாவது ஆண்டுக்கு எட்டுப் பேரும் ஒன்றாக வந்து ஆல்பம் போட்டார்கள். அதே குழுவின் யூனா கம்பெனியிலேயே இருந்துகொண்டு 2019-ல் எக்ஸிட் படத்தில் கட்டடம் கட்டடமாகத் தாவி ஓடினார், 90 லட்சத்துக்கு மேல் டிக்கெட் விற்றது.

இனி, நடிப்பு வருமா? அவள் யார் என்றே நீ சொல்லவில்லை, நான் என்ன ஜோசியமா பார்ப்பது? ஆனால் எங்கே கவனிக்க வேண்டும் என்று சொல்லலாம். உனக்கு எண்டிங் ஃபேரி தெரியும். பாட்டு முடிந்ததும் கேமரா ஒரு முகத்துக்குக் கிட்டே போகும், அவள் மூச்சு வாங்கிக்கொண்டே லென்ஸைப் பார்த்து ஒரு சிரிப்போ கண்சிமிட்டலோ தர வேண்டும். எந்தக் கேமராவில் சிவப்பு விளக்கு எரிகிறது என்று ஆட்டத்துக்கு நடுவிலேயே கண்டுபிடிக்க வருடக்கணக்கில் பழகிய கண் அது. நடிப்பில் அந்தக் கண்தான் எதிரி. கேமரா அங்கே இருப்பதே தெரியாத மாதிரி இருக்க வேண்டும், அழும்போது மூக்கு சிவந்து அசிங்கமாகத் தெரிந்தால் தெரியட்டும் என்று விட வேண்டும். புதிதாக வருகிறவர்கள் அழும் காட்சியிலும் முகம் கலையாமல் பார்த்துக்கொள்வது இந்தப் பழக்கத்தால்தான். உன் ஆளின் முதல் தொடர் வந்தால், எதிரே இருப்பவர் பேசும்போது அவள் என்ன செய்கிறாள் என்று மட்டும் பார். நிஜமாகக் காது கொடுக்கிறாளா, தன் முறை வரும்வரை அழகாக நிற்கிறாளா?

சுஸியிடம் இந்த மாற்றம் வர, என் கணக்கில், பத்து வருடத்துக்கு மேல் ஆனது. 2022-ல் ஆன்னா தொடர். ஒரு பொய்யில் ஆரம்பித்து, தான் வேலை பார்த்த இடத்துப் பணக்காரப் பெண்ணின் பெயரையும் படிப்பையும் திருடி வாழ்கிறவளின் கதை. அம்மாவுக்குக் காது கேட்காது, அவரிடம் சைகையில்தான் பேசுவாள். ஊரெல்லாம் பொய் பேசுகிற முகம், அம்மா முன்னால் கை அசையும்போது மட்டும் வேறு முகமாக மாறும். முதல் காதலியாவது ஒன்றாவது! அடுத்த வருடம் ப்ளூ டிராகன் சீரீஸ் விருதில் சிறந்த நடிகை. அதே 2023-ல் டூனா தொடரில் குழுவை விட்டு வந்துவிட்ட பாடகியாகவே நடித்தார், சிகரெட்டும் கையுமாக, சிடுசிடுவென்று. உன்னை மாதிரி ஒரு ரசிகை பார்க்க வேண்டிய தொடர், அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் இது எப்படி இருக்கும் என்று கொஞ்சம் தெரியும்.

இன்னொருத்தரையும் சொல்லிவிடுகிறேன், எனக்குப் பிடித்தவர். ஏபிங்க் குழுவின் ஜொங் உன்ஜி. குழு ஆரம்பித்து ஒரு வருடம் சொச்சம், நடிப்பு அனுபவம் பூஜ்யம், 2012-ல் ரிப்ளை 1997 தொடரில் கதாநாயகி ஆக்கினார்கள். பூசான் பேச்சு பேசும் பெண் வேண்டும், இவர் பூசான்காரர். ஊர்ப் பேச்சு வாயில் தானாக வந்ததால் மற்றதும் பின்னாலேயே வந்துவிட்டது. அதில் அவருக்கு என்ன வேடம் தெரியுமா? ஒரு பாட்டுக் குழு மேல் பைத்தியமாக இருக்கிற பள்ளிக்கூடப் பெண்.

கமெண்டை இன்றைக்கே எடுத்துவிடு. லைக் விழுந்திருக்கிறது என்று தயங்காதே, அந்த லைக் போட்டவர்களில் ஒருவருக்கும் நாளைக்கு நீ யாரென்றே ஞாபகம் இருக்காது. அவள் அதைப் படித்தாளா இல்லையா என்பதும் தெரியாது, மன்னிப்பு என்று இன்னொரு நீளமான பதிவு போட்டு திரும்ப ஆரம்பிக்காதே, சும்மா அழித்தால் போதும். அப்புறம் சாப்பிடு.

ஆன்னா பார்ப்பதென்றால் எட்டு எபிசோடு இருக்கிற பதிப்பைத் தேடிப் பார். முதலில் ஆறுதான் வந்தது. தன்னைக் கேட்காமல் வெட்டிவிட்டார்கள் என்று இயக்குநர் பகிரங்கமாகவே சண்டை போட்டார், அந்த ஆகஸ்டில்தான் எட்டும் வெளியானது. அம்மாவையும் பக்கத்தில் உட்கார வை. அந்த சைகைக் காட்சி வரும்போது சிரிக்கிறாரா என்று பார்த்து எனக்கு எழுது.