மகன் சினிமாவுக்குப் போகட்டும், ஒப்பந்தம் படிக்கத் தெரிந்துகொண்டு

அன்புள்ள அம்மா,

பி.காம். இரண்டாம் ஆண்டில் இருக்கும் மகன், படிப்பை விட்டுவிட்டு சின்ன பட்ஜெட்டில் இந்திப் படம் எடுக்கப் போவதாகச் சொல்கிறான், அது சோறு போடுமா என்று மும்பையிலிருந்து கேட்டிருக்கிறீர்கள். போடும். ஆனால் படிப்பை விட வேண்டாம், அந்த பி.காம்.தான் அவனுக்குக் கைகொடுக்கும்.

மகாராஷ்டிரத்து விசைத்தறி ஊரான மாலேகாவில் வீடியோ பார்லர் நடத்திய நாசிர் ஷேக், 2000 வாக்கில் சுமார் 50,000 ரூபாயில் ‘ஷோலே’யை நையாண்டி செய்து ஒரு படம் எடுத்தார். உள்ளூரில் கூட்டம் அள்ளியது. எனக்கு அவர்மேல் பெரிய மரியாதை உண்டு. அப்புறம் சிடி வந்தது, மெமரி கார்டு வந்தது. வட இந்தியச் சிற்றூர்களில் மொபைல் ரீசார்ஜ் கடைக்காரர்களே சில்லறைக் காசுக்குப் படங்களை கார்டில் ஏற்றிக் கொடுத்தார்கள். படம் குக்கிராமம் வரை போனது. எடுத்தவருக்குப் பைசா வரவில்லை.

2016 செப்டம்பரில் ஜியோ வந்து டேட்டா மலிவானதும், அந்தக் கடையின் வேலையை யூடியூப் எடுத்துக்கொண்டது. முழுநீள வீடியோக்களில் வரும் விளம்பர வருமானத்தில் 55 சதவீதம் சேனல் உரிமையாளருக்குப் போகிறது. கவனியுங்கள், சேனல் உரிமையாளருக்கு. படம் எடுத்தவருக்கு அல்ல. மொத்தமாக ஒரு தொகை வாங்கிக்கொண்டு எல்லா உரிமைகளையும் நிரந்தரமாக எழுதிக் கொடுத்துவிட்டால், படம் எத்தனை கோடிப் பேர் பார்த்தாலும் தயாரிப்பாளருக்கு அதோடு சரி.

எந்த உரிமை, எத்தனை ஆண்டுக்கு, எந்தத் தளத்துக்கு என்று ஒப்பந்தத்தைப் பிரித்துப் படிக்கத் தெரிந்த ஆள் சின்னத் தயாரிப்பாளர்களிடம் அரிது. உங்கள் மகன் அந்த ஆளாகலாம். பட்டம் வாங்கட்டும்; கூடவே பதிப்புரிமைச் சட்டத்தில் ஒரு சான்றிதழ் படிப்பு, சப்டைட்டில் போடும் பழக்கம், சேனல் நிர்வாகம். தமிழும் இந்தியும் தெரிந்திருப்பது அவனுக்குக் கூடுதல் பலம். இயக்கத்தில்தான் ஆசை என்றால், பட்டத்துக்குப் பிறகு புனே திரைப்படக் கல்லூரியின் நுழைவுத் தேர்வை எழுதட்டும். இடங்கள் குறைவு, போட்டி கடுமை.

முதல் படத்துக்கு நகையை அடகு வைக்கக் கேட்டால் மறுத்துவிடுங்கள். பத்து நிமிடப் படம் ஒன்றை ஃபோனிலேயே எடுத்து, தன் பெயரில் உள்ள சேனலில் போடட்டும். சினிமாப் பாட்டு சேர்க்க வேண்டாம். பிறர் உரிமையுள்ள பாட்டைத் தானாகக் கண்டறியும் யூடியூபின் முறையில் சிக்கினால் வருமானம் பாட்டின் உரிமையாளருக்குப் போய்விடும். 1,000 சந்தாதாரர், ஓராண்டில் 4,000 மணி நேரப் பார்வை என்ற வரம்பைத் தாண்டித்தான் விளம்பரப் பணத்தில் பங்கு கிடைக்கும். அதனால் முதல் வருடத்தில் அவனிடம் சம்பாத்தியக் கணக்குக் கேட்காதீர்கள், அம்மா.