வழிவிட மறுத்த மன்னர்

கேள்வி: 1914இல், முதல் உலகப் போர் தொடங்கியபோது, ஜெர்மன் படை பெல்ஜியம் வழியாகப் போகத்தானே அனுமதி கேட்டது? பெல்ஜிய மன்னர் ஆல்பர்ட் பேசாமல் வழிவிட்டிருந்தால் அவ்வளவு பேர் செத்திருக்க மாட்டார்களே! வீண் வீறாப்புதானே அது? – வாசகர், தேனி

பதில்: இல்லவே இல்லை. ஆகஸ்ட் 2 மாலை கடிதத்தைக் கொடுத்து, 12 மணி நேரத்தில் பதில் வேண்டும், மறுத்தால் எதிரியாக நடத்துவோம் என்றார்கள். அனுமதி கேட்கிறவர்கள் இப்படியா கேட்பார்கள்? 1839 லண்டன் ஒப்பந்தத்தில் பெல்ஜியத்தின் நடுநிலைக்கு உத்தரவாதம் தந்த ஐந்து வல்லரசுகளில், பின்னாளில் ஜெர்மனியை ஒன்றாக்கிய பிரஷ்யாவும் ஒன்று. பிரான்ஸைத் தாக்கப் போகும் படைக்குச் சாலையையும் ரயிலையும் திறந்துவிட்டால் அப்புறம் என்ன நடுநிலை? ஆல்பர்ட் இரவெல்லாம் அமைச்சர்களோடு ஆலோசித்துத்தான் மறுத்தார். படை புகுந்த ஆகஸ்ட் 4 அன்றே, தாங்கள் செய்வது தவறுதான் என்று ஜெர்மன் சான்சலர் பெத்மன் ஹோல்வேக் தங்கள் நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொண்டார்.

பக்கத்து லக்ஸம்பர்க்கும் நடுநிலை நாடு. எதிர்த்து நிற்கப் படை இல்லை, கண்டனம் சொன்னதோடு சரி. போர் முடியும்வரை ஜெர்மன் பிடியில்தான் கிடந்தது. ஆக்கிரமிப்பாளரோடு இணங்கிப் போனார் என்ற கோபத்தில், அதன் அரசி மரீ அடிலெய்ட் 1919 ஜனவரியில் பதவி துறக்க வேண்டிவந்தது.

பெல்ஜியத்தில் உயிர்ச்சேதம் அதிகம், மறுக்கவில்லை. தினான் ஊரில் 600க்கும் மேற்பட்ட பொதுமக்களைக் கொன்றார்கள். லூவன் பல்கலைக்கழக நூலகத்தைக் கொளுத்தினார்கள். சுட்டவனை விட்டுவிட்டு, வாசலை மறித்தவர் மேல் பழி போடலாமா? காங்கோவில் பெல்ஜிய ஆட்சி நடந்துகொண்ட விதத்துக்கு அவரைக் கேள்வி கேளுங்கள், நியாயம் உண்டு. இதற்குக் கேட்காதீர்கள்.

உண்மையில், தன் சிப்பாய்களின் உயிரைச் செலவழிப்பதில் ஆல்பர்ட் பெரிய கருமி. ஆண்ட்வெர்ப் துறைமுக நகரை இனிக் காக்க முடியாது என்றானதும் படையை நாட்டின் மேற்கு ஓரத்தில் உள்ள ஈசர் ஆற்றங்கரைக்குப் பின்வாங்கச் செய்தார். அக்டோபர் கடைசியில் கடலோர நியூபோர்ட் ஊரின் மதகுகளைத் திறந்து, கடல் ஏறும் நேரத்தில் தண்ணீரை உள்ளே விட்டார்கள். ஆற்றுக்கும் ரயில் பாதை மேட்டுக்கும் நடுவில் இருந்த தாழ்நிலம் மூழ்கியது, ஜெர்மன் படை அங்கேயே நின்றுபோனது. எந்த மதகை எப்போது திறப்பது என்று தெரிந்து செய்தவர்கள் உள்ளூர் ஆட்கள். அரசாங்கம் பிரான்ஸுக்குப் போன பிறகும் மன்னர் ஆற்றுக்குப் பின்னால் ஜெர்மன் பிடியில் சிக்காமல் மிஞ்சிய துண்டு நிலத்திலேயே தங்கினார். பெருந்தாக்குதல்களுக்கு நேச நாட்டுத் தளபதிகள் அவர் படையைக் கேட்டபோது கொடுக்க மறுத்தார். வீறாப்புக்காரர் செய்கிற வேலையா இது? பலன் உண்டு என்று தெரிந்த 1918 செப்டம்பரில்தான் தாக்கினார். நவம்பர் 22 அன்று பிரஸ்ஸல்ஸ் திரும்பினார்.