அரசாணிப் பானையை யார் வாங்குவது?

தம்பி, மெல்போர்னுக்கு வந்து எட்டு மாதம்தான் ஆகிறது, தையில் வேலூரில் தங்கைக்குக் கல்யாணம், அப்பாவால் முழங்கால் வலியோடு அலைய முடியாது, ஒரு வெட்டிங் பிளானரிடம் மொத்தமாக ஒப்படைத்துவிடலாமா, ஒப்படைத்தால் என்னென்ன எதிர்பார்க்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். ஒப்படைக்கலாம். மொத்தமாக மட்டும் வேண்டாம். நான் காட்பாடிக்காரன், இங்கே வந்து பதினாறு ஆண்டுகள் ஓடிவிட்டன. 2017 தையில் என் தங்கை கல்யாணத்தைச் சத்துவாச்சாரியில் இப்படி ஆள் வைத்துத்தான் நடத்தினோம். பட்டதைச் சொல்கிறேன்.

காசு கொடுத்தால் கிடைக்கிற எதையும் பிளானர் கொண்டுவந்து இறக்கிவிடுவார். மண்டபம், மேடை அலங்காரம், சமையல், மேளம், போட்டோ, மாலை, வேன், தாம்பூலப் பை எல்லாம் சொன்ன நேரத்துக்கு வந்தன. மேடையைப் பார்த்து உறவுக்காரர்கள் வாயைப் பிளந்தார்கள். முகூர்த்தம் காலை ஆறு மணிக்கு மேல் ஏழரைக்குள். ஐந்து மணிக்கு மணமேடையில் அரசாணிக்கால் என்ற மங்கலக் கொம்பை நடப் போனால், அதனருகே வைக்கிற பானைகளைக் காணோம். "எந்தப் பானை சார்?" என்று கேட்டான் பிளானரின் பையன். அவர்கள் பெங்களூரில் தொழில் பழகியவர்கள். அவர்களுடைய தாளில் 'மங்கலப் பொருட்கள்' என்று ஒரே வரி இருந்தது. அந்த வரிக்குள் தேங்காய், மஞ்சள், குங்குமம் எல்லாம் அடக்கம். வண்ணம் தீட்டிய அரசாணிப் பானையும் கல்யாண முருங்கைக் கொம்பும் அடக்கம் இல்லை. பெரியம்மா ஒன்றும் பேசாமல் சித்தப்பாவைப் பார்த்தார். சித்தப்பா ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போய், பானை செய்கிறவரை எழுப்பி, ஐந்தே முக்காலுக்கு வந்து சேர்ந்தார். ஒரு பானையில் வண்ணம் காயவில்லை. பெரியம்மாவின் ஆரணிப் பட்டில் அந்தச் சிவப்புக் கறை இன்றும் இருக்கிறது.

பையன்மேல் கோபப்பட்டு என்ன பயன்? நாம் சொல்லவில்லை. நம் பக்கத்துச் சடங்கு வீட்டுக்கு வீடு மாறும். அதனால் முன்பணம் கொடுக்கும் முன் உங்கள் அம்மாவையும் பெரியவர் ஒருவரையும் தொலைபேசியில் உட்காரவைத்து, பந்தக்காலில் தொடங்கி மறுவீடு வரை வாய்விட்டுச் சொல்லச் சொல்லுங்கள். நீங்கள் எழுதுங்கள். ஒவ்வொரு பொருளுக்கும் எதிரே 'பிளானர்' அல்லது 'வீடு' என்று போடுங்கள். எதிரே ஒன்றும் எழுதாமல் விட்ட பொருள்தான் விடியற்காலையில் காணாமல் போகும்.

இன்னொன்று, இப்போது உங்களிடம் இனிக்க இனிக்கப் பேசுகிறவர் கல்யாணத்தன்று அங்கே நிற்பாரா என்று கேளுங்கள். பெரும்பாலும் மாட்டார். தையில் ஒரே முகூர்த்தத்துக்கு இரண்டு மூன்று கல்யாணம் ஒத்துக்கொண்டிருப்பார். உங்களுக்கு வருகிறவர் வேறு ஆள். அந்த ஆளின் பெயரை ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்குங்கள். ஒரு மாதத்துக்கு முன்பே அவர் உங்கள் வீட்டுக்கு வந்து ஒரு காபி குடித்துவிட்டுப் போகட்டும்.

எத்தனை பேர் வருவார்கள் என்பதுதான் பிளானரின் முதல் கேள்வியாக இருக்கும். இங்கே மெல்போர்னில், வருகிறேன் என்று எழுதிக்கொடுத்தவர் வருவார், அவருக்கு நாற்காலியில் பெயர்கூட இருக்கும். நம் ஊரில் பத்திரிகை வைத்த வீட்டிலிருந்து ஒருவர் வருவாரா, ஏழு பேர் வருவார்களா என்பது அந்த வீட்டுக்கே அன்று மாலைதான் தெரியும். வரவேற்புக்குத்தான் கூட்டம், காலைப் பந்தி பாதிகூட இருக்காது. இரண்டுக்கும் ஒரே எண்ணிக்கை போட்டால் ஒப்புக்கொள்ளாதீர்கள். குறைந்தபட்சம் இத்தனை இலை, அதற்கு மேல் ஓடுகிற இலைக்கு இவ்வளவு என்று பேசுங்கள். இலை எண்ண நம் ஆள் ஒருவர் வேண்டும். சித்தப்பா சமையற்கட்டு வாசலில் நாற்காலி போட்டு, பிரித்த இலைக்கட்டுகளைப் பென்சிலால் குறித்துக்கொண்டே இருந்தார். இரவுப் பந்திக்கு அவர்கள் சொன்ன கணக்கு 640, அவருடையது 588. சண்டை போடாமல் நோட்டைத் திறந்து காட்டினார். 590 என்று முடிந்தது. சில மண்டபங்களில் அவர்களுடைய சமையல்காரரைத்தான் வைக்க வேண்டும், அதையும் முதலிலேயே கேட்டுவிடுங்கள்.

மொத்தத் தொகைக்கு வெளியே நிற்கும் செலவுகள் தனி. மின்கட்டணம், ஜெனரேட்டர் டீசல், துப்புரவுக் கூலி, 18 சதவீத ஜிஎஸ்டி ஆகியவை உள்ளேயா வெளியேயா? பூக்காரர், மேளக்காரரிடமிருந்து பிளானருக்குக் கமிஷன் உண்டு. அவர் தொழில் அது, நான் குறை சொல்லவில்லை. ஆனால் உங்கள் தெருவிலேயே தெரிந்த நாதஸ்வரக்காரர் இருந்தால், அவர்தான் வாசிப்பார் என்று முன்பே சொல்லிவிடுங்கள். கடைசித் தவணையைக் கல்யாணத்துக்கு மறுநாளுக்கு வையுங்கள்.

அறைகளை மட்டும் இன்றே பிடியுங்கள். வெளியூர்க்காரர்களுக்கு இது புரிவதில்லை. சிஎம்சி மருத்துவமனையைச் சுற்றிக் காந்தி ரோட்டிலும் பாபு ராவ் தெருவிலும் உள்ள லாட்ஜுகளில் வங்காளத்திலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வைத்தியத்துக்கு வந்த குடும்பங்கள் வாரக்கணக்கில் தங்கியிருக்கும். முகூர்த்தத்துக்கு முந்தின வாரம் கேட்டால் பத்து அறை ஒரே இடத்தில் கிடைக்காது. விடிகாலை ரயிலில் காட்பாடி ஜங்ஷனில் இறங்குகிறவர்களுக்கு வேன் யார் அனுப்புவது என்பதையும் அந்தத் தாளில் எழுதுங்கள்.

பிளானர் செய்யவே முடியாத வேலை ஒன்று உண்டு. எங்கள் வரவேற்பில், சட்டையில் பேசும் கருவி மாட்டிய, பிளானரின் பெண் ஒருத்தி மேடைக்கு வருகிறவர்களை வரிசையில் நிறுத்திக்கொண்டிருந்தாள். நல்ல ஒழுங்கு. அந்த வரிசையில் முப்பதாவது ஆளாக, கையில் மாலையோடு, எங்கள் தாய்மாமன் நின்றுகொண்டிருந்தார். அவர் ஒன்றும் சொல்லவில்லை. மூன்று ஆண்டுகள் ஒன்றும் சொல்லவில்லை, வீட்டுப் பக்கமே வரவில்லை. யாரை வாசலிலேயே கைபிடித்து அழைத்துவர வேண்டும் என்பது அந்தப் பெண்ணுக்கு எப்படித் தெரியும்? மேடைப் படியருகே உறவு தெரிந்த ஒருவரை நிறுத்துங்கள். மொய் எழுதுகிற மேசையிலும் வீட்டு ஆள்தான் உட்கார வேண்டும்.

பிளானரோடு பேசுவது ஒரே குரலாக இருக்கட்டும். நீங்கள் ஒன்று, அம்மா ஒன்று, மாப்பிள்ளை வீட்டார் ஒன்று சொன்னால் அவர் மூன்றையும் கேட்டுவிட்டுத் தனக்கு வசதியானதைச் செய்வார். அந்தக் குரல் வேலூரில் இருப்பது நல்லது. தையில் இங்கே மணி ஐந்தரை மணி நேரம் முன்னால் ஓடும். அங்கே இரவு எட்டு மணிக்கு அவர் ஓய்வாக அழைத்தால் உங்களுக்கு நள்ளிரவு ஒன்றரை. தூக்கக் கலக்கத்தில் 'சரி' என்று சொல்லித்தான் நான் யாருக்கும் வேண்டாத ஒரு புகை இயந்திரத்துக்குப் பணம் கட்டினேன்.

திருமணப் பதிவையும் அவரே பார்த்துக்கொள்வார் என்று இருந்துவிடாதீர்கள். 90 நாட்களுக்குள் பதிய வேண்டும். பெயர் பாஸ்போர்ட்டில் உள்ளபடியே இருக்கிறதா என்று தங்கையும் மாப்பிள்ளையும் கையெழுத்துப் போடும் முன் பார்க்கட்டும்.

பிளானர் கொடுத்த தாளைப் படமெடுத்து அனுப்புங்கள். சனிக்கிழமை காலை வீட்டுக்கு வந்தால் வரி வரியாகப் பார்த்துவிடலாம். அம்மாவையும் தொலைபேசியில் வைத்துக்கொள்வோம், பானைக் கணக்கு அவருக்குத்தான் தெரியும்.