கடன் அறவீட்டு வழக்கு: இந்த முறை வந்த கேள்விகள்

கொட்டாஞ்சேனையில இருந்து: சேர், போன வருஷம் இன்லண்ட் ரெவினியூவில (இறைவரித் திணைக்களம்) இருந்து இவ்வளவு வரி கட்டணும் என்டு அசெஸ்மென்ட் ஒண்டு வந்தது. பிழையான கணக்கு என்டதால பேசாம விட்டுட்டன். இப்ப மஜிஸ்ட்ரேட் கோர்ட் சம்மன் வந்திருக்கு. எனக்கு அவ்வளவு வருமானமே இல்ல என்டு நீதவானுக்கு சொல்லலாமா?

சொல்லலாம், ஆனா அதைக் கேட்க அவருக்கு அதிகாரமில்ல. இறைவரி ஆணையாளர் நாயகம் கோர்ட்டுக்கு அனுப்பின சேர்ட்டிபிகேட்டில இருக்கிற தொகை சரியா பிழையா என்டு நீதவான் ஆராய ஏலாது என்டு சட்டமே சொல்லுது. ஏன் இதை அறவிடக்கூடாது என்டு காரணம் காட்டத்தான் உங்களைக் கூப்பிடுறாங்க. அந்த ஆள் நான் இல்ல, காசு கட்டியாச்சு இந்தா ரிசீட், இந்தக் கோர்ட்டுக்கு நியாயாதிக்கம் இல்ல, இந்த மாதிரிக் காரணம் வேணும். கணக்கு பிழை என்டு சொல்ல வேண்டிய இடம் வேற, அந்தக் காலமும் போயிட்டுது.

எத்தனை தரம் எழுதியாச்சு, அசெஸ்மென்ட் கையில கிடைச்சு 30 நாளுக்குள்ள மீளாய்வு கேட்டு ஆணையாளர் நாயகத்துக்கு எழுதணும், அதில சரி வரல்ல என்டா வரி மேன்முறையீட்டு ஆணைக்குழு, அதுக்கும் 30 நாள், அங்கயும் தோத்தா சட்டப் பிரச்சினை இருந்தா மட்டும் மேன்முறையீட்டு நீதிமன்றம். இந்த வழி முழுக்கத் திறந்து கிடக்கேக்க கடிதத்தை லாச்சியில போட்டு வச்சிட்டு, சம்மன் வந்த பிறகு கறுப்புக் கோட்டைத் தேடி கோர்ட்டுகள் இருக்கிற புதுக்கடைக்கு ஓடுறது. கடைக்காரர், சின்ன கம்பனிக்காரர் எல்லாரும் செய்யிறது இதுதான், கட்டத் தேவையில்லாத காசைக் கட்டி அழியிறதும் இதாலதான், பார்க்க வயிறு எரியுது. வருத்தமா கிடந்தீங்களா, வெளிநாட்டில இருந்தீங்களா? ஆதாரத்தோட பிந்தின மனுவை ஏற்கச் சொல்லிக் கேட்டுப் பாருங்க. "பேசாம விட்டுட்டன்" என்டது காரணமில்ல.

கவரை எறியாதீங்க. நாள் கணக்கு கடிதம் கையில கிடைச்ச திகதியில இருந்துதான், அதுக்கு சாட்சி கவர்ல இருக்கிற தபால் சீல். பதில் குடுக்கேக்க உங்கட கொப்பியில திகதியோட ரிசீவ்ட் சீல் அடிச்சு வாங்குங்க.

செட்டியார் தெருவில இருந்து: வேலை செய்யிறாக்கள் ஈபிஎப் (ஊழியர் சேமலாப நிதி) வேணாம், சம்பளத்தோட சேர்த்துத் தாங்க என்டு கையெழுத்து வச்சுத் தந்தாங்க. இப்ப லேபர் ஒபிஸ் கேஸ் போட்டிருக்கு.

அந்தக் கடிதம் செல்லாது. 1958ஆம் ஆண்டு 15ஆம் இலக்க ஈபிஎப் சட்டம் ஆக்கள் பேசி விட்டுக்குடுக்கிற விஷயமில்ல. சம்பளத்தில உங்கட பங்கு 12 வீதம், அவையின்ட 8 வீதம், இரண்டும் உங்கட தலையில. ஒரு வருஷம் தாண்டினா மேலதிகக் கட்டணமே பாதிக்குப் பாதி. தொகை பிழை என்டா விசாரணை நடக்கேக்கயே சம்பளப் புத்தகத்தைக் காட்டி எழுத்தில மறுத்திருக்கணும், கோர்ட்டுக்கு வந்தாப் பிறகு இங்கயும் மேல சொன்ன கதைதான்.

வெள்ளவத்தை: ரிட் மனு (அதிகாரிகள்ட முடிவை ரத்துச் செய்யச் சொல்லிக் கேட்கிற மனு) போட்டா அறவீடு நிக்குமா?

தானா நிக்காது. இடைக்காலத் தடை உத்தரவு கிடைக்கணும்.

அதே வாசகர்: ஆணைக்குழுவுக்குப் போகாம நேரா ரிட் போடலாமா?

அரசியலமைப்பு 140ஆம் உறுப்புரையில மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் இருக்கு. ஆனா அப்பீல் வழி இருக்கேக்க ஏன் இங்க வந்தீங்க என்டுதான் முதல் கேள்வி வரும். அதிகாரமே இல்லாம உத்தரவு போட்டாங்க, உங்களைக் கேட்காமலே முடிவெடுத்தாங்க, இந்த மாதிரி இருந்தா நிக்கலாம். சும்மா தொகை கூட என்டதுக்கு ரிட் சரிவராது. பிந்திப் போகாதீங்க, ஒண்டையும் மறைக்காதீங்க. கிடைச்ச ஒரு கடிதத்தை மறைச்சது தெரிஞ்சாலே மனு தள்ளுபடி.

தெமட்டகொடை: வீட்டை பேங்க் ஏலம் போடப் போகுது, என்ன செய்ய?

எந்த பேங்க், எவ்வளவு கடன், யார்ட பேர்ல வீடு, ஒண்டுமே எழுதாம கேட்டா என்னத்தைச் சொல்றது? தனியார் பேங்க் என்டா 1990ஆம் ஆண்டு 4ஆம் இலக்கச் சட்டம், அதில கடன்ட முதல் தொகை 50 லட்சத்துக்குக் குறைவா இருந்தா பராட்டே (கோர்ட்டுக்குப் போகாம பேங்கே ஏலம் போடுறது) போட ஏலாது, வட்டியைக் கூட்டிக் கணக்குப் பார்க்கிறதில்ல. இலங்கை வங்கி, மக்கள் வங்கிக்கு தனித்தனிச் சட்டம். உறுதியையும் டிரெக்டர் சபைத் தீர்மானத்தையும் எடுத்துக்கொண்டு இண்டைக்கே ஒரு சட்டத்தரணியப் பாருங்க. ஏலம் முடிஞ்சா பிறகு பாடு பெரிசு.

மட்டக்குளி: வரியைத் தவணையில கட்ட நீதவான்ட்ட கேட்கலாமா?

கேட்கலாம், அநேகமா குடுப்பாங்க. ஆனா காரணம் சரிவரல்ல என்டா அந்த வரி நீதவான் போட்ட தண்டப்பணம் மாதிரி ஆயிடும், தவணை தவறினா மறியல் வரைக்கும் போகும். கட்டக்கூடிய தொகையை மட்டும் சொல்லுங்க.