எட்டு மாத ஒப்பந்தத்தை நம்பி மகனை அனுப்பலாமா?

வணக்கம் அம்மா. உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். தம்பிக்கு 20 வயது. விளையாட்டு ஒதுக்கீட்டில் சீட் வாங்கி பி.காம். இரண்டாம் ஆண்டு முடித்திருக்கிறான். இப்போது வெளிமாநிலத்தில் இரண்டாம் நிலை லீக்கில் ஆடும் கால்பந்து கிளப் ஒன்று ஸ்ட்ரைக்கராக, அதாவது கோல் அடிக்கும் முன்கள வீரராக, எடுத்துக்கொள்ளக் கூப்பிடுகிறது. எட்டு மாத ஒப்பந்தம், மாதச் சம்பளம், தங்க இடம், சாப்பாடு. "எட்டு மாசம் முடிஞ்சா அப்புறம் என்ன சார்?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

மிகச் சரியான கேள்வி. அவன் 33 வயது வரை ஆடினாலும் ஒவ்வொரு சீசன் முடிவிலும் இந்தக் கேள்வி உங்கள் வீட்டு வாசலில் வந்து நிற்கும். கால்பந்தைத் தொழிலாகக் கொண்டவர்களில் பெரும்பாலானோரின் வாழ்க்கை இதுதான். தொலைக்காட்சியில் நாம் பார்ப்பது ஒரே கிளப்பில் பத்து வருஷம் நிற்கும் சிலரை. மற்றவர்கள் ஒரு வருஷம் ஓர் ஊர், அடுத்த வருஷம் வேறொரு ஊர், வேறொரு ஜெர்ஸி என்று மாறிக்கொண்டே இருப்பவர்கள். அதிலும் தம்பியைப் போல முன்களத்தில் ஆடும் ஃபார்வர்ட் என்றால் கூடுதல் சிக்கல். பின்னால் நின்று தடுக்கும் டிஃபெண்டர் நன்றாக ஆடினானா இல்லையா என்று பத்து பேர் பத்து விதமாகச் சொல்லலாம். ஃபார்வர்டுக்குக் கோல் கணக்கு இருக்கிறது. ஆறு ஆட்டம் கோல் விழாவிட்டால் பெஞ்சில் உட்கார வேண்டும். ஜனவரியில், கிளப்புகள் வீரர்களை மாற்றிக்கொள்ளும் டிரான்ஸ்ஃபர் விண்டோ திறந்ததும் அந்த இடத்துக்கு இன்னொருவரைக் கொண்டு வருவார்கள்.

இப்படி ஊர் ஊராக ஆடியவர்களில் நான் மாணவர்களிடம் அடிக்கடி சொல்வது இங்கிலாந்து வீரர் ரிக்கி லாம்பர்ட்டின் கதை. லிவர்பூல் பக்கத்திலுள்ள கிர்க்பி என்ற ஊர்க்காரர். சிறு வயதில் லிவர்பூல் கிளப்பின் பயிற்சியில் இருந்தார். 15 வயதில் வேண்டாம் என்று அனுப்பிவிட்டார்கள். பிளாக்பூல் எடுத்துக்கொண்டது, கொஞ்ச நாளில் அதுவும் விட்டுவிட்டது. கையில் கிளப் இல்லாத அந்த மாதங்களில் ஒரு தொழிற்சாலையில் பீட்ரூட் பாட்டில்களுக்கு மூடி திருகும் வேலை பார்த்தார், நாளுக்கு 20 பவுண்டு கூலி. அப்போதே மேக்கல்ஸ்ஃபீல்ட் அணியோடு பயிற்சியையும் விடாமல் வைத்திருந்தார். ஒப்பந்தம் அங்கேதான் கிடைத்தது. அங்கிருந்து ஸ்டாக்போர்ட், ராச்டேல், பிரிஸ்டல் ரோவர்ஸ். எல்லாம் கீழ் டிவிஷன்கள். ஆரம்பத்தில் அவர் ஆடியது நடுக்களத்தில். முழு ஸ்ட்ரைக்கராக உருவானது ராச்டேலில்தான்.

2009-இல் 27 வயதில் மூன்றாம் டிவிஷனில் இருந்த சவுத்தாம்ப்டனுக்குப் போனார். முதல் சீசனிலேயே லீக்கில் 30 கோல். அணியோடு சேர்ந்து மேலே ஏறி, 30 வயதில்தான் அந்நாட்டின் உச்ச லீக்கான பிரீமியர் லீக்கில் முதல் ஆட்டம் ஆடினார். 2013 ஆகஸ்டில், 31 வயதில், வெம்ப்ளியில் ஸ்காட்லாந்துக்கு எதிராக இங்கிலாந்து அணிக்கு மாற்று வீரராக இறங்கினார். ஒரு கார்னர் வந்தது, தலையால் முட்டினார், கோல். அன்று அவர் பந்தைத் தொட்டதே அதுதான் முதல் முறை. 2014-இல் அதே லிவர்பூல் அவரைப் பணம் கொடுத்து வாங்கியது.

ராச்டேலைப் பற்றி இன்னொன்று. 2005-இல் நான்காம் டிவிஷனில் இருந்த அந்தச் சின்ன கிளப்பில் லாம்பர்ட்டுக்கு ஜோடியாக ஆடியவர் கிராண்ட் ஹோல்ட். அவரும் ஒரு காலத்தில் டயர் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டு சின்ன லீக்கில் ஆடியவர். நடுவில் சிங்கப்பூர் வரை போய் ஆடிவிட்டு வந்தார். பின்னாளில் நார்விச் அணிக்காக 2011-12 பிரீமியர் லீக்கில் 15 கோல் அடித்தார். அடுத்த சீசனில் லாம்பர்ட்டும் சரியாக 15. ராச்டேல் மைதானத்தில் அந்த இருவரையும் பார்த்தவர்கள் இதை நினைத்திருக்க வாய்ப்பே இல்லை.

இந்தக் கதையைத் தம்பியிடம் சொல்லுங்கள். ஆனால் அப்படியே நம் ஊருக்குப் பொருத்திவிடாதீர்கள். இங்கிலாந்தில் மேலிருந்து கீழ் வரை நான்கு டிவிஷன்களில் 92 கிளப்புகள், அதற்குக் கீழும் சம்பளம் தரும் கிளப்புகள் ஏராளம். ஒரு படியில் வழுக்கினால் அடுத்த படி பிடித்துக்கொள்ளும். இங்கே படிகள் குறைவு, சில சமயம் படியே காணாமல் போகும். நம் சென்னைப் பையன் நந்தகுமார் சேகர் டெல்லி டைனமோஸில் இருந்தபோது, 2019-இல் அந்த கிளப்பே புவனேஸ்வருக்கு மாறி ஒடிசா எஃப்.சி. ஆகிவிட்டது. 2025 ஜூலையில் ஐ.எஸ்.எல். (இந்தியன் சூப்பர் லீக்) சீசனே தள்ளிவைக்கப்பட்டு, சில கிளப்புகள் வீரர்களின் சம்பளத்தை நிறுத்திவைத்தன. நாட்டின் உச்ச லீக்கின் நிலையே அது.

அதே நந்தகுமார் 2023-இல் ஈஸ்ட் பெங்காலுக்குப் போய், அந்த ஆகஸ்டில் டுராண்ட் கோப்பையில், அதே ஊர்ப் போட்டி அணியான மோகன் பகானுக்கு எதிராக அடித்த கோலில் கொல்கத்தாவில் பாதி ஊர் கொண்டாடியது. அவர் விங்கில், அதாவது களத்தின் ஓரத்தில், ஆடுபவர் என்பதைக் கவனியுங்கள். ஐ.எஸ்.எல்.லில் களத்தில் நான்கு வெளிநாட்டவரை இறக்க முடிந்ததால், பல கிளப்புகள் நடு ஸ்ட்ரைக்கர் இடத்தை வெளிநாட்டவருக்கே கொடுத்தன. பெங்களூரு எஃப்.சி.யில் நம் சிவசக்தி நாராயணன் போல அந்த இடத்தைப் பிடித்த உள்ளூர்ப் பையன்கள் குறைவு. ஆகவே தம்பி இரண்டு விங்கிலும் ஆடப் பழகட்டும். 'நான் ஒன்பதாம் நம்பர் (நடு ஸ்ட்ரைக்கர்) மட்டும்தான்' என்று நிற்கும் பையனுக்குக் கதவு பாதிதான் திறக்கும்.

சரி, அனுப்பலாமா? அனுப்புங்கள் என்பதுதான் என் பதில். 20 வயதில் சம்பளத்தோடு தினமும் பயிற்சி கிடைப்பது சாதாரண விஷயமில்லை. ஆனால் ஒரு தேதியை இப்போதே காலண்டரில் குறித்துக்கொள்ள வேண்டும்: அவனுடைய 25-ஆவது பிறந்தநாள். ரயில்வே விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலைக்கு எடுப்பது 18 முதல் 25 வயது வரைதான், அதில் தளர்வு கிடையாது. லாம்பர்ட்டுக்கு 27-இல் கதவு திறந்தது. நம் பையன்களுக்கு நிலையான வேலைக்கான பெரிய கதவு ஒன்று 25-இல் மூடிவிடுகிறது. அதுவும், ரயில்வேயில் பெரிதாக எடுத்துக்கொள்வது கிளப்புக்கு அடித்த கோலை அல்ல. மாநிலத்துக்காக சந்தோஷ் கோப்பையில் ஆடியது, பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டியில் ஆடியது போன்றவற்றை. மாநில அணித் தேர்வு நடக்கும் நாட்களில் கிளப் அவனை விடுமா என்று இப்போதே கேட்டுவிடுங்கள். இதைத் தாய் தகப்பன் கேட்டால் தப்பாக நினைக்கமாட்டார்கள்.

என்னிடம் வந்த ஒரு பையனின் நினைவு போகவே மாட்டேன் என்கிறது. நல்ல ஃபார்வர்ட். ஐந்து வருஷத்தில் நான்கு கிளப். 26 வயதில் முழங்கால் லிகமெண்ட் கிழிந்து ஊருக்கு வந்தான். பையைத் திறந்து நான்கு ஜெர்ஸியையும் என் மேஜைமேல் அழகாக மடித்து வைத்தான். "பேப்பர் ஏதாவது இருக்கா?" என்று கேட்டேன். ஒப்பந்தத்தின் நகல் ஒன்றுகூட இல்லை. கடைசி கிளப் மூன்று மாதச் சம்பளம் பாக்கி வைத்திருந்தது. எவ்வளவு என்பதற்கு வாட்ஸ்அப் செய்தி மட்டும்தான் சாட்சி. அறுவைச் சிகிச்சைக்கு அவன் அக்காவின் நகை அடகுக்குப் போனது. டிகிரியில் மூன்று பேப்பர் அரியர். அவனுடைய ஆட்டத்தில் ஒரு குறையும் இல்லை. பக்கத்தில் இருந்து சொல்ல ஆள் இல்லாமல் போயிற்று, அவ்வளவுதான்.

தம்பிக்கு அந்த நிலை வரக்கூடாது. அதனால் ஒப்பந்தத்தில் என்ன பார்க்க வேண்டும் என்று சொல்கிறேன். சம்பளம் எத்தனை மாதத்துக்கு, எந்தத் தேதியில், வங்கிக் கணக்கிலா என்பது முதலில். அடுத்து காயம். அடிபட்டால் சிகிச்சைச் செலவு யாருடையது, இன்சூரன்ஸ் உண்டா, ஆடாத மாதங்களுக்கும் சம்பளம் உண்டா? முழங்கால் லிகமெண்ட் கிழிந்தால் திரும்ப ஆட ஆறு முதல் ஒன்பது மாதம் ஆகலாம். ஒப்பந்தமோ எட்டு மாதம். இந்த ஒரு பத்தி தெளிவாக இல்லையென்றால் கையெழுத்து வேண்டாம், நான் கண்டிப்பாகச் சொல்வேன். கையெழுத்தான நகல் ஒன்று உங்கள் வீட்டு பீரோவில் இருக்க வேண்டும்.

உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபாவின் விதிப்படி இரண்டு மாதச் சம்பளம் பாக்கி வைத்தால், எழுத்தில் 15 நாள் அவகாசம் கொடுத்துவிட்டு வீரர் ஒப்பந்தத்தை முறித்துக்கொள்ளலாம். கடைசி ஆறு மாதத்தில் வேறு கிளப்போடு பேசவும் உரிமை உண்டு. எட்டு மாத ஒப்பந்தத்தில் மூன்றாம் மாதத்திலிருந்தே பேசலாம் என்று அர்த்தம். அடுத்த சீசனைப் பற்றி சீசன் முடிந்து யோசிப்பது பையன்கள் செய்யும் பெரிய தவறு.

ட்ரையல்ஸுக்கு அழைத்துப்போக முன்பணம் கேட்பவர் யாராக இருந்தாலும், எந்த கிளப்பின் பெயரைச் சொன்னாலும், ஒரு ரூபாய் கொடுக்காதீர்கள்.

படிப்பு விஷயத்தில் எனக்குச் சந்தேகமே இல்லை. இன்னும் ஒரு வருஷம்தான் இருக்கிறது. விளையாட்டு ஒதுக்கீட்டில் சேர்ந்தவன் என்பதால், கிளப்பின் கடிதத்தோடு உடற்கல்வி இயக்குநரையும் முதல்வரையும் பார்த்து வருகைப்பதிவில் சலுகை கேட்கலாம். முடியவே முடியாது என்றால் ஒரு வருஷம் தள்ளி முடிக்க வழி கேளுங்கள். டி.சி. மட்டும் வாங்க வேண்டாம். அப்புறம், முதல் ஓய்விலேயே ஏ.ஐ.எஃப்.எஃப். (அகில இந்தியக் கால்பந்து சம்மேளனம்) நடத்தும் பயிற்சியாளர் உரிமத்தின் தொடக்க நிலைப் படிப்பை முடிக்கச் சொல்லுங்கள். ஆடும் காலத்திலேயே அதை வைத்திருந்தால் பள்ளிகளில், அகாடமிகளில் வேலை கேட்க முகம் இருக்கும்.

ஒரு நோட்டும் வாங்கிக் கொடுங்கள். எந்த ஆட்டம், எத்தனை நிமிடம், எந்த இடத்தில் ஆடினான், கோல், அசிஸ்ட் (மற்றவர் கோலுக்குக் கொடுத்த பாஸ்). அன்றன்றே எழுத வேண்டும், வீடியோ இருந்தால் சேமிக்க வேண்டும். அடுத்த கிளப் கேட்பது அதைத்தான்.

கடைசியில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள்: "அங்க சாப்பாடு ஒத்துக்காதுன்னு பயமா இருக்கு." முதல் இரண்டு மாதம் கஷ்டமாகத்தான் இருக்கும். பருப்புப்பொடியும் ஊறுகாயும் கொடுத்தனுப்புங்கள். அவன் கோல் அடிக்காத வாரங்களில் போன் குறைவாக வரும், நீங்களே கூப்பிடுங்கள். ஆட்டத்தைப் பற்றிக் கேட்க வேண்டாம், சாப்பிட்டாயா என்று கேட்டால் போதும். ஒப்பந்தத்தின் நகல் கைக்கு வந்ததும் எல்லாப் பக்கமும் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள். சனிக்கிழமை காலை நான் அலுவலகத்தில்தான் இருப்பேன், தம்பியையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். உட்கார்ந்து வரி வரியாகப் படித்துவிடலாம்.