நாலாம் டிவிஷன் ஸ்ட்ரைக்கர் – கடிதமும் பதிலும்

அன்புள்ள சார்,

நான் பத்து வருடங்களுக்கும் மேலாக இங்கிலாந்தில் லெஸ்டர் பக்கம் குடும்பத்தோடு இருக்கிறேன். என் மகனுக்கு 16 வயது ஆகப்போகிறது. ஒன்பது வயதிலிருந்து ஒரு கால்பந்துக் கிளப்பின் அகாடமியில் ஸ்ட்ரைக்கராக, அதாவது முன்வரிசையில் கோல் அடிப்பவனாக ஆடிவந்தான். போன மாதம், பதினாறு வயதுக்கு மேல் கிளப்பிலேயே பயிற்சியைத் தொடர வைக்கும் ஸ்காலர்ஷிப்பைத் தர முடியாது என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடுவதுகூட இல்லை. பார்க்கிறவர்கள் எல்லாம் சின்னக் கிளப்பிலிருந்து லெஸ்டருக்கு வந்து ஜெயித்த ஜேமி வார்டி கதையைச் சொல்லித் தேற்றுகிறார்கள்.

அண்மையில் ரே கிளார்க் என்பவரைப் பற்றிப் படித்தேன். லண்டனின் டாட்டன்ஹாம் கிளப்பில் இடம் கிடைக்காமல் கீழ் டிவிஷன்களில் ஆடி, கடைசியில் ஸ்கவுட், அதாவது கிளப்புகளுக்கு ஆட்டக்காரர்களைத் தேடிப் பார்த்துச் சொல்பவர் ஆனவர். ஆட்டத்தில் தோற்றவர்களுக்கு ஸ்கவுட் வேலை ஆறுதல் பரிசு மாதிரியா? கணினியே எல்லாவற்றையும் அளக்கும் காலத்தில் இவர்களுடைய கண்ணுக்கு மதிப்பு இருக்கிறதா? என் மகனைத் தொடர்ந்து ஆடச் சொல்வதா, படிப்பில் இறக்குவதா? அவனுடைய ஏழு வருடக் கோல் கணக்கை இணைத்திருக்கிறேன்.

அன்புடன்,
ஸ்ரீ.

அன்புள்ள ஸ்ரீ,

பிள்ளைகளைப் பற்றிய கடிதங்களுக்கு நான் தனியாகத்தான் பதில் எழுதுவது வழக்கம். இதைப் பொதுவில் எழுதக் காரணம் ரே கிளார்க். சில வாரங்களாக அவரைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். பெரிய நட்சத்திரங்களைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். இவரைப் பற்றி ஒரு தமிழர் கடிதம் எழுதுவார் என்று நான் நினைக்கவே இல்லை. ஆனால் அவரைத் தோற்றவர் என்று எழுதியிருக்கிறீர்களே, அதை அப்படியே விட எனக்கு மனமில்லை.

முதலில் வார்டியை ஓரமாக வைத்துவிடுங்கள். ஸ்டாக்ஸ்பிரிட்ஜில் வாரம் 30 பவுண்டுக்கு ஆடியது, 2012இல் ஃப்ளீட்வுட்டிலிருந்து 10 லட்சம் பவுண்டுக்கு லெஸ்டர் வாங்கியது, 2016இல் லெஸ்டரோடு பிரீமியர் லீகை வென்றது, எல்லாம் உண்மைதான். அது ஒரு பையனைத் தேற்றப் பயன்படாது. லாட்டரியில் பரிசு விழுந்தவரின் படத்தைக் காட்டிக் கடன்காரனை யாரும் தேற்றுவதில்லை.

கிளார்க் கதை வேறு. அவர் டாட்டன்ஹாமில் வளர்ந்த பையன். முதல் அணிக்காக ஆடியது ஒரே ஒரு ஆட்டம், அதுவும் மாற்று வீரராக இறங்கி. அப்போது அந்த அணியின் முன்வரிசையில் இருந்தவர்கள் யார் தெரியுமா? மார்ட்டின் சிவர்ஸ், ஆலன் கில்சீன். 1971இல் லீக் கோப்பை, 1972இல் யூஇஎஃப்ஏ கோப்பை, 1973இல் மறுபடியும் லீக் கோப்பை என்று வாங்கிக்கொண்டிருந்த அணி அது. இருபது வயதுப் பையனுக்கு அங்கே எங்கே இடம்? அதே காலத்தில் அதே கிளப்பில் கிரீம் சூனஸ் என்று இன்னொரு பையன். லீகில் ஒரு ஆட்டம்கூட ஆடாமல் 1972 கடைசியில் மிடில்ஸ்பரோவுக்குப் போனார். பிறகு லிவர்பூல் கேப்டனாக 1984இல் ஐரோப்பியக் கோப்பையைத் தூக்கினார். டாட்டன்ஹாம்காரர்கள் குருடர்கள் என்று சொல்ல வரவில்லை. அந்த வருடத்தில், அந்த அணியில், இந்த இரண்டு பேருக்கும் வேலை இல்லை. விஷயம் அவ்வளவுதான்.

கிளார்க் ஸ்விண்டனுக்குப் போனார். அங்கே ஒன்றும் நடக்கவில்லை. அந்த அணியே 1974இல் இரண்டாம் டிவிஷனிலிருந்து கீழே விழுந்தது. அடுத்து மான்ஸ்ஃபீல்ட். நாட்டிங்ஹாம்ஷையரில் நிலக்கரிச் சுரங்கங்கள் சூழ்ந்த ஊர், நாலாம் டிவிஷன் அணி. அதற்குக் கீழே அப்போது தேசிய அளவில் லீகே கிடையாது. 1974-75இல் மான்ஸ்ஃபீல்ட் அந்த டிவிஷனை வென்றது, கிளார்க் அடித்தது 28 கோல். அடுத்த சீசனில் மூன்றாம் டிவிஷனிலும் அடித்தார். 1976இல் ஹாலந்தின் ஸ்பார்ட்டா ராட்டர்டாம் அவரை வாங்கியது. இன்றுபோல வீடியோ இல்லாத காலம். ஒரு டச்சுக் கிளப்பில் யாரோ ஒருவர், நிலக்கரி ஊரில் ஆடும் இந்த ஆள் நமக்கு ஆவான் என்று முடிவு செய்திருக்கிறார். அந்த முடிவுதான் இந்தக் கதையிலேயே எனக்கு மிகவும் பிடித்த இடம்.

இரண்டு சீசன் கழித்து ஆம்ஸ்டர்டாமின் பெரிய கிளப்பான அயாக்ஸ். 1978இல் அங்கிருந்து ரூட் கேல்ஸ் பெல்ஜியத்தின் ஆண்டர்லெக்ட்டுக்குப் போய்விட்டார். டச்சு லீகில் தொடர்ந்து நான்கு சீசன் அதிக கோல் அடித்தவர் அவர். அப்படிப்பட்டவரின் இடத்துக்கு மான்ஸ்ஃபீல்ட் முன்னாள் ஸ்ட்ரைக்கர். 31 லீக் ஆட்டங்களில் 26 கோல் அடித்தார். அந்த சீசனில் அயாக்ஸ் லீகையும் டச்சுக் கோப்பையையும் சேர்த்து வாங்கியது. உங்கள் 'தோற்றவர்' இவர்தான்.

சரி, எப்படி அடித்தார்? அதைப் பார்க்க வேண்டும். அயாக்ஸின் இடப்பக்கம் சைமன் தஹமாத்தா, வலப்பக்கம் ட்ஷூ லா லிங். இருவரும் பின்வரிசைக்காரனைக் கடந்து போய்ப் பந்தை உள்ளே போடுவதற்கென்றே பிறந்தவர்கள். பின்னாலிருந்து பந்து கொண்டுவர ஆர்னேசன், லெர்பி. உள்ளே வரும் பந்துக்குச் சரியான நேரத்தில் தலையோ காலோ வைக்கத் தெரிந்த ஒருவர்தான் அந்த அணிக்குத் தேவை. கிளார்க்குக்கு அது தெரியும். அங்கிருந்து பெல்ஜியத்தின் ப்ரூக் போய்ச் சில மாதம், பிறகு இங்கிலாந்துக்கே திரும்பி பிரைட்டனில் ஒரு சீசன். மேல் டிவிஷனுக்கு அப்போதுதான் முதன்முதலாக ஏறி வந்து தடுமாறிக்கொண்டிருந்த அணி அது. ஆள் அதே ஆள்தான், ஆம்ஸ்டர்டாமில் விழுந்த கோல் அங்கே விழவில்லை. 1980இல் நியூகாசில் போனார். காயம். முப்பதைத் தொடும் முன்பே ஆட்டம் முடிந்தது. பிறகு பல வருடங்கள், பல கிளப்புகளுக்கு ஸ்கவுட்.

இப்படி ஒருவர் ஸ்கவுட்டாக மைதானத்தில் உட்கார்ந்தால் எதைப் பார்ப்பார்? ஒரே காலையும் ஒரே தலையையும் வைத்துக்கொண்டு ஒரு ஊரில் உதவாதவராகவும் இன்னொரு ஊரில் சாம்பியனாகவும் இருந்தவர் அவர். இவன் நல்ல ஆட்டக்காரனா என்று மட்டும் கேட்டுவிட்டு அவரால் எழுந்து போக முடியாது. எந்த அணிக்கு, யார் பக்கத்தில், யார் பந்து கொடுத்தால் என்று கேட்டே ஆக வேண்டும். நல்ல கல்யாணத் தரகருக்கு இது தெரியும். பெண்ணும் தங்கம், பையனும் தங்கம், இருந்தும் இந்தச் சம்பந்தம் வேண்டாம் என்று அவர் ஃபோனை வைத்துவிடுவார்.

நான் நாட்டிங்ஹாமில் வேலை பார்த்த காலத்தில் செவ்வாய்க்கிழமை ராத்திரிகளில் மான்ஸ்ஃபீல்டின் ஃபீல்ட் மில் மைதானத்துக்குப் போவதுண்டு. டிக்கெட் மலிவு என்பதைத் தவிரப் பெரிய காரணம் எதுவும் கிடையாது. ஒருமுறை பக்கத்து இருக்கையில் ஒரு பெரியவர். கையில் அணிப் பட்டியல் தாள், மடியில் ஃபிளாஸ்க். ஸ்கவுட் என்று புரிந்துவிட்டது. யாரைப் பார்க்க வந்தீர்கள் என்று கேட்டேன். சொல்ல மாட்டார் என்று தெரியும், சொல்லவும் இல்லை. கொஞ்ச நேரம் கழித்து, "பந்தைப் பார்க்காதே. பந்து அந்தக் கோடியில் இருக்கும்போது நம்முடைய ஒன்பதாம் நம்பர் ஸ்ட்ரைக்கர் என்ன செய்கிறான் என்று பார்" என்றார்.

பார்த்தேன். முதலில் ஒன்றுமே தெரியவில்லை, சும்மா நடந்துகொண்டிருந்தான். அப்புறம் கவனித்தால், நடந்துகொண்டே தோளைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறான். இரண்டு தடுப்பாளர்களில் எவன் மெதுவானவன் என்று கண்டுபிடித்து, அவனுக்குப் பின்னால், அவன் கண்ணில் படாத பக்கத்தில் போய் நிற்கிறான். பந்து ஓரத்துக்குப் போனதும் ஓர் அடி பின்னே வைத்து, சட்டென்று முன்னே பாய்கிறான். பந்து வரவில்லை. திரும்பி நடந்து வந்து மறுபடியும் அதையே செய்கிறான். கைதூக்கிக் கத்தவில்லை, கூட்டாளியை முறைக்கவும் இல்லை. பாதி ஆட்டத்துக்கு மேல் இதே கதைதான். எங்களைச் சுற்றி இருந்தவர்கள் அவனைச் சோம்பேறி என்று திட்டிக்கொண்டிருந்தார்கள்.

இடைவேளைக்குப் பிறகு பெரியவரிடம், பிரமாதமான பையன், எடுத்துக்கொள்வீர்களா என்று கேட்டேன். "நல்ல ஆட்டக்காரன். எங்களுக்கு வேண்டாம். எங்களிடம் ஓரத்திலிருந்து பந்து போடும் விங்கர் இல்லை, பட்டினி கிடப்பான்" என்றார். கடைசி விசிலுக்கு முன்பே, பார்க்கிங்கில் கூட்டம் சேர்வதற்குள் கிளம்பிவிட்டார். பல ஸ்கவுட்டுகளுக்குச் சம்பளம்கூடக் கிடையாது, மைலுக்கு இத்தனை பென்ஸ் என்று பெட்ரோல் காசு மட்டும்தான். அதை வாங்கிக்கொண்டு ராத்திரியில் அத்தனை தூரம் வந்து, ஒருவனின் திறமையை அந்த மைதானத்திலேயே சரியாகப் புரிந்துகொண்டு, வேண்டாம் என்று எழுதப் போகிறார். அந்தக் காகிதத்தை யாரும் வெளியிட மாட்டார்கள். கண்டுபிடித்த ஸ்கவுட்டுக்குப் பெயர் கிடைக்கும், வேண்டாம் என்று சரியாகச் சொன்னவருக்கு ஒன்றும் கிடைக்காது. உங்கள் மகனின் அகாடமிக்காரர்களும் ஏதாவது எழுதியிருப்பார்கள். அது என்னவென்று கேட்டீர்களா? நீங்கள் கேட்டதாகக் கடிதத்தில் இல்லை.

இதில் நான் பிடிவாதக்காரன், அதனால் இன்னும் கொஞ்சம் சொல்கிறேன். இயன் ரஷ். மூன்றாம் டிவிஷனில் இருந்த செஸ்டரிலிருந்து 1980இல் 3 லட்சம் பவுண்டுக்கு லிவர்பூல் வாங்கியது. அந்தக் கிளப்பின் தலைமை ஸ்கவுட் ஜெஃப் ட்வென்டிமேன். அதற்கு முன்பே நாலாம் டிவிஷன் ஸ்கன்தார்ப்பிலிருந்து கெவின் கீகனைக் கொண்டுவந்தவர். லிவர்பூலுக்காக ரஷ் அடித்தது மொத்தம் 346 கோல், இன்றைக்கும் அந்தக் கிளப்பில் அதைத் தாண்ட ஆளில்லை. அவரே 1987இல் யுவென்டஸ் போனார். அங்கே பந்து கொடுத்துவந்த பிளாட்டினி அப்போதுதான் ஓய்வு பெற்றிருந்தார், பந்து கொடுக்க ஆள் இல்லை. இத்தாலிய லீகில் 7 கோல். ஒரே வருடத்தில் திரும்பி வந்து மறுபடியும் லிவர்பூலில் அடித்தார். அந்த ஒரு வருடம் மட்டும் அவருக்கு ஆட்டம் மறந்துபோனதா?

ஸ்கவுட்டுகளுக்கும் இதுதான் கதி. ஸ்டீவ் வால்ஷ் பெரிய ஆட்டக்காரர் இல்லை, பள்ளியில் உடற்கல்வி ஆசிரியராக இருந்தவர். லெஸ்டருக்காகப் பிரான்ஸின் லு ஆவ்ர் கிளப்புக்கு வேறொருவரைப் பார்க்கப் போய் ரியாத் மாஹ்ரெஸைக் கண்டார். இன்னொரு பிரெஞ்சுக் கிளப்பான கானிலிருந்து கான்டே வந்தபோதும் ஆள்தேர்வுக்குப் பொறுப்பு அவரிடம்தான் இருந்தது. லெஸ்டர் லீகை வென்ற கையோடு, 2016இல் எவர்ட்டன் அவரைப் பெரிய பதவி கொடுத்து அழைத்துக்கொண்டது. கையில் பணமும் அதிகம். இரண்டே வருடத்தில், 2018இல், அனுப்பிவிட்டார்கள். லெஸ்டரில் அவர் எந்த ஆட்டத்துக்கு ஆள் தேடுகிறோம் என்று தெரிந்து தேடினார். எவர்ட்டனில் அந்தக் காலத்தில் மேனேஜர்களே மாறிக்கொண்டிருந்தார்கள். யாருக்கென்று தேடுவது?

கணினி பற்றிய கேள்விக்கு நீளமாகப் பதில் சொல்லப்போவதில்லை. ஆயிரம் பேரை நூறு பேராகக் குறைக்க அது உதவும், உதவுகிறது. லண்டன் கிளப்பான பிரென்ட்ஃபோர்ட் அப்படித்தான் வளர்ந்தது. ஒல்லி வாட்கின்ஸை எக்ஸெட்டரிலிருந்து 2017இல் எடுத்ததும் அவர்கள்தான். கண்ணா கணினியா என்று பட்டிமன்றம் நடத்துகிறவர்கள் நடத்திக்கொள்ளட்டும். படிப்பா ஆட்டமா என்பதும் அதே மாதிரிக் கேள்விதான். ஸ்காலர்ஷிப் கிடைத்த பையனும் அங்கே படித்துத்தான் ஆக வேண்டும். கிடைக்காத பையன் சனிக்கிழமை ஆடக் கூடாது என்று சட்டம் ஒன்றும் இல்லை. உங்கள் ஊரைச் சுற்றி லீகுக்கு வெளியே எத்தனை சின்னக் கிளப்புகள்!

ஒன்று கேட்க வேண்டும். உங்கள் மகன் பிறந்த மாதம் எது? இங்கிலாந்தில் வயதுப் பிரிவு செப்டம்பர் 1இல் தொடங்குகிறது. செப்டம்பரில் பிறந்தவனும் அடுத்த ஆகஸ்டில் பிறந்தவனும் ஒரே பிரிவு. பதினைந்து வயதில் பதினோரு மாதம் என்பது தாடிக்கும் தாடியின்மைக்கும் உள்ள தூரம். அகாடமிகளில் செப்டம்பர், அக்டோபர், நவம்பர் பிள்ளைகள் அதிகமாக இருப்பது அதனால்தான். அவன் கோடையில் பிறந்தவன் என்றால், அவர்கள் எடை போட்டது இன்னும் வளர்ந்து முடிக்காத ஓர் உடம்பை. இதை அவனிடம் தயவுசெய்து சொல்லுங்கள், சாப்பிடுவான்.

கோபமாக ஒன்று சொல்லி முடிக்கிறேன். நீங்கள் அனுப்பிய எக்செல் கோப்பைத் திறந்து பார்த்தேன். எந்தெந்த அணிக்கு எதிராக, எத்தனையாவது நிமிடத்தில் என்று ஏழு வருடக் கோல்கள் எல்லாம் அதில் இருக்கின்றன. வண்ணம்கூட அடித்திருக்கிறீர்கள். அவனுக்குப் பந்து கொடுத்தது யார் என்று ஒரு பத்தியும் இல்லை. தனியாக ஆடப் பிடிக்குமா, பக்கத்தில் இன்னொரு ஸ்ட்ரைக்கர் இருந்தால் பிடிக்குமா என்பதும் இல்லை. வேண்டாம் என்று சொன்ன அன்றைக்கு அவன் என்ன சொன்னான் என்பதும் கடிதத்தில் இல்லை. வீட்டில் எல்லாரும் சாப்பிடாமல் இருக்கிறீர்கள், அவன் மட்டும் கடிதத்துக்குள் வாயே திறக்கவில்லை. அவனிடம் கேட்டுவிட்டு மறுபடியும் எழுதுங்கள். தமிழில் எழுத வருமென்றால் அவனையே எழுதச் சொல்லுங்கள். வராவிட்டால் ஆங்கிலத்தில் எழுதட்டும், நான் படித்துக்கொள்கிறேன்.