டாஸ் காலத்து டூம்: பழைய சேவ் கோப்பு ஏன் திறக்கவில்லை?

பழைய ஹார்ட் டிஸ்கில் இருந்த டூம் விளையாட்டின் சேவ் கோப்புகளைப் புதிய கணினியில் போட்டால் மெனுவில் பெயர் தெரிகிறது, ஆனால் என்டர் தட்டினால் ஒன்றுமே நடக்கவில்லை என்கிறீர்கள். கோப்பு கெட்டுப்போயிருக்கும் என்று பயப்பட வேண்டாம். பெரும்பாலும் பதிப்புதான் இடிக்கும்.

1993-ல் வந்த இந்த விளையாட்டு, சேவ் கோப்பின் முதல் 24 பைட்டில் நீங்கள் தட்டிய பெயரையும் அடுத்த 16 பைட்டில் பதிப்பு எண்ணையும் எழுதுகிறது. மெனு பெயரை மட்டும்தான் படிக்கும். லோட் செய்யும்போது எண் ஒத்துப்போகாவிட்டால், பிழைச் செய்திகூடக் காட்டாமல் விட்டுவிடும். 1.666-ல் சேவ் செய்ததை 1.9 ஏற்காது. எந்தப் பதிப்பில் ஆடினீர்களோ அதையே டாஸ்பாக்ஸில் (பழைய டாஸ் நிரல்களைப் புதிய கணினியில் ஓட்டும் மென்பொருள்) ஓட்டுங்கள். 1.9 என்றால், பழைய டூமைப் போலவே இயங்கும் இன்றைய வடிவமான சாக்லேட் டூமும் போதும். ஜிஇசட்டூம் என்ற மற்றொரு புதிய வடிவம் இந்தக் கோப்புகளைப் படிக்காது, அதில் முயன்று நேரத்தை வீணாக்காதீர்கள்.

கூடுதல் வாட் கோப்பு (வரைபடங்கள் போன்றவை அடங்கிய டூம் கோப்பு) போட்டு ஆடியிருந்தால் அதையும் சேர்த்தே தொடங்குங்கள். சேவ் கோப்பில் எபிசோட், மேப் எண்கள் இருக்கும், வரைபடம் இருக்காது.

மெனுவில் சேவ் செய்ய இடம் ஆறுதான். கோப்புப் பெயரில் 0 முதல் 5 வரை உள்ள எண்தான் மெனு வரிசை. எண்ணை மாற்றினால் வரிசையும் மாறும். எஃப்6 அடித்து விரைவாகச் சேவ் செய்யும்போது பழையது அழிந்துவிடும், ஆகவே முக்கியமான கட்டங்களை வேறு ஃபோல்டரில் நகலெடுத்து வையுங்கள்.